சிக்னேச்சர் தினமும் புதுசு, இன்ஜின் லைப்ரரி பழசு: க்ளாம்ஏவி சர்வரில் இது பரவாயில்லையா?

ஜூலை 12, 2025 – கேள்வி

டெபியன் மெயில் சர்வர், 2 ஜிபி ராம். க்ளாம்ஏவி என்ற ஆன்டிவைரஸ் ஓடுகிறது. அதன் புதுப்பிப்பு நிரலான ஃப்ரெஷ்க்ளாம் தினமும் சிக்னேச்சர் (வைரஸ்களின் அடையாளக் குறிப்புகள்) இறக்குகிறது. லாகில் மட்டும் "உங்கள் க்ளாம்ஏவி காலாவதியானது" என்று எச்சரிக்கை வருகிறது. பதற வேண்டாம் என்று அதிலேயே அடுத்த வரியும் வருவதால் விட்டுவிட்டேன். என் கணக்கில் வைரஸைப் பிடிப்பது சிக்னேச்சர்தான், லைப்ரரி பழசாக இருந்தால் என்ன?

லைப்ரரி அடைவில் லிப்க்ளாம்ஏவி.எஸ்ஓ.9, லிப்க்ளாம்ஏவி.எஸ்ஓ.11 என்று இரண்டு கிடக்கின்றன. பழையதை அழித்துப் பார்த்தேன். முன்பு யாரோ கம்பைல் செய்து வைத்த ஒரு மெயில் ஃபில்டர் 9ஐக் காணோம் என்று நின்றுவிட்டது. 9 என்ற பெயரில் 11க்கு ஒரு சிம்லிங்க் (மாற்றுப்பெயர் இணைப்பு) போட்டால் முடிந்ததா? இன்னொன்று, பின்னணியில் ஓடும் ஸ்கேன் சேவையான க்ளாம்டி ராத்திரியில் தானாகச் செத்துவிடுகிறது.

ஜூலை 12, இரவு

முதல் கேள்விக்கு முதலில் வருகிறேன், மற்றதெல்லாம் அதில்தான் நிற்கிறது. "பிடிப்பது சிக்னேச்சர்" என்பது பாதி உண்மை. வரும் கோப்பு ஸிப்பா, பிடிஎஃப்பா, ஓஎல்இ2 (பழைய வேர்ட், எக்செல்) ஆவணமா என்று இனம் கண்டு, பிரித்து, உள்ளே இருக்கும் மேக்ரோவையும் ஸ்கிரிப்டையும் வெளியே எடுத்து வைப்பது லிப்க்ளாம்ஏவி. எடுத்து வைத்ததன் மேல்தான் சிக்னேச்சர் ஒப்பிடப்படும். லைப்ரரிக்குப் பிரிக்கத் தெரியாத வடிவத்துக்குள் இருப்பதை எந்தப் புதிய சிக்னேச்சரும் பார்க்கப்போவதில்லை.

அதோடு, சிக்னேச்சருக்கே இன்ஜின் வரம்பு உண்டு. தினமும் இறங்கும் டெய்லி என்ற சிக்னேச்சர் கோப்பைச் சிக்டூல் என்ற கருவி கொண்டு பிரித்து, உள்ளே இருக்கும் எல்டிபி கோப்பைத் திறந்து பாருங்கள். வரிகளில் "இன்ஜின்:81-255" போன்ற ஒரு பகுதி இருக்கும். உங்கள் லைப்ரரியின் செயல்நிலை எண் (அதன் திறன் எந்த நிலை என்று குறிக்கும் எண்) அந்த வரம்புக்கு வெளியே இருந்தால் அந்த வரி ஏற்றப்படாது. பிழைச் செய்தி எதுவும் வராது, சத்தமில்லாமல் தாண்டிப் போய்விடும். "தினமும் இறங்குகிறது" என்பதும் "தினமும் முழுதாக ஏறுகிறது" என்பதும் ஒன்றல்ல.

எது ஓடுகிறது என்று கண்டுபிடியுங்கள். க்ளாம்ஸ்கேன் --வெர்ஷன் கொடுத்தால் சாய்கோடு போட்டு மூன்று துண்டுகள் வரும்: இன்ஜின் பதிப்பு, டெய்லியின் எண், அது கட்டப்பட்ட தேதி. இது டிஸ்கில் உள்ள லைப்ரரியின் பதில். க்ளாம்டிஸ்கேன் --வெர்ஷன் கொடுத்தால், ஓடிக்கொண்டிருக்கும் க்ளாம்டியிடமே கேட்டுச் சொல்லும். இரண்டும் வேறுபட்டால், பேக்கேஜை மேம்படுத்திய பிறகு க்ளாம்டியை மறுதொடக்கம் செய்யவில்லை என்று அர்த்தம். ஒன்று கவனியுங்கள்: க்ளாம்டியைத் தொடர்புகொள்ள முடியாவிட்டால் க்ளாம்டிஸ்கேன் தன் சொந்தப் பதிப்பையே சொல்லிவிடும். ஆகவே சந்தேகம் வந்தால் ப்ராக் அடைவுக்குள் க்ளாம்டியின் பிராசஸ் எண்ணுக்குரிய மேப்ஸ் கோப்பில் (அது ஏற்றியிருக்கும் லைப்ரரிகள் அதில் தெரியும்) லிப்க்ளாம்ஏவி என்று க்ரெப் செய்து தேடுங்கள். வரியின் கடைசியில் "டெலிடெட்" என்று இருந்தால், டிஸ்கிலிருந்து போய்விட்ட பழைய லைப்ரரியே இன்னும் நினைவகத்தில் ஓடுகிறது.

ஜூலை 13, காலை

சிம்லிங்க்: போடாதீர்கள். போட்டிருந்தால் இப்போதே எடுத்துவிடுங்கள்.

எஸ்ஓவுக்குப் பின்னால் வரும் எண், அந்த லைப்ரரியை அழைக்கும் முறை மாறிவிட்டது என்று அதை எழுதியவர்கள் தரும் அறிவிப்பு. 7லிருந்து 9க்குப் போன கதையைப் பாருங்கள். 0.101 வரும் வரை, ஸ்கேன் விருப்பங்களை ஒரே முழு எண்ணில் பிட் பிட்டாக அடுக்கி அனுப்பினார்கள். 0.101இல் அதை ஒரு ஸ்ட்ரக்சராக மாற்றி அதன் முகவரியை அனுப்பச் சொன்னார்கள். கோப்பின் பெயரும் கூடுதல் ஆர்க்யுமென்ட்டாக வந்தது. 7க்குக் கட்டிய நிரலிடம் 9ஐ 7 என்று ஏமாற்றிக் கொடுத்தால், நிரல் அனுப்பும் எண்ணை லைப்ரரி முகவரி என்று எடுத்துக்கொண்டு அந்த இடத்தைப் படிக்கப் போகும். அதிர்ஷ்டம் இருந்தால் அங்கேயே செக்மென்டேஷன் ஃபால்ட். இல்லாவிட்டால் குப்பை விருப்பங்களோடு ஸ்கேன் நடந்து எல்லாக் கோப்புக்கும் "ஓகே" வரும். இரண்டாவதுதான் ஆபத்து, ஏனென்றால் யாருக்கும் தெரியவராது.

சரியான வழி, அந்த ஃபில்டரை 11இன் ஹெடர்களோடு மறுபடி கம்பைல் செய்வது. அதைவிட நல்ல வழி, ஃபில்டருக்குள் லைப்ரரியே வேண்டாம், க்ளாம்டியின் சாக்கெட்டில் பேசவையுங்கள். "இன்ஸ்ட்ரீம்" கட்டளை, பிறகு ஒவ்வொரு துண்டுக்கும் முன்னால் நெட்வொர்க் வரிசையில் 4 பைட் நீளம், முடிவில் நீளம் பூஜ்யம். அவ்வளவுதான், எந்த மொழியிலும் 30 வரிக்குள் எழுதிவிடலாம். லைப்ரரி எண் மாறினாலும் ஃபில்டரைத் தொட வேண்டாம். லிப்க்ளாம்ஏவி ஜிபிஎல் 2 உரிமத்தில் வருவதால், மூடிய நிரலோடு நேரடியாக இணைப்பதில் உள்ள சிக்கலும் சாக்கெட் வழியில் எழாது.

சாக்கெட் என்றால் யூனிக்ஸ் சாக்கெட். 3310 போர்ட்டை வெளியே திறந்து வைத்துவிடாதீர்கள். க்ளாம்டியின் டிசிபி பேச்சில் கடவுச்சொல் எதுவும் கிடையாது, "ஷட்டவுன்" என்று அனுப்பினால் யார் அனுப்பினாலும் அணைந்துவிடும்.

ஜூலை 13, மதியம்

ராத்திரிச் சாவு. கர்னல் லாகைக் காட்டும் டிமெசேஜில் "அவுட் ஆஃப் மெமரி" வரியும் அதில் க்ளாம்டியின் பெயரும் இருக்கிறதா என்று பாருங்கள். 2 ஜிபி சர்வரில் பெரும்பாலும் இதுதான்.

சிக்னேச்சர்களை ஏற்றி ஒப்பிடும் வடிவுக்குக் கொண்டுவரவே சுமார் 1.2 ஜிபி ஆகும். புதிய டெய்லி வந்து மறுஏற்றம் நடக்கும்போது, 0.103 முதல், பழைய இன்ஜினை வைத்துக்கொண்டே புதியதைப் பக்கத்தில் கட்டுகிறார்கள். ஸ்கேன் நிற்காமல் இருக்க அது நல்ல ஏற்பாடு, ஆனால் அந்தச் சில நிமிடங்களுக்கு 2.4 ஜிபி வரை போகும். க்ளாம்டி கான்ஃபிகில் "கன்கரண்ட்டேட்டாபேஸ்ரீலோட்" என்பதை "நோ" ஆக்குங்கள். பழையதை விடுவித்துவிட்டுப் புதியதை ஏற்றும், அதுவரை ஸ்கேன் காத்திருக்கும். மெயிலுக்கு இந்தத் தாமதம் ஒரு பொருட்டில்லை. போஸ்ட்ஃபிக்ஸ் மெயில் நிரலில் மில்டர் (மெயில் ஃபில்டர்) தோற்றால் தற்காலிக மறுப்பு என்ற இயல்பு அமைப்பை மட்டும் "அக்செப்ட்" ஆக மாற்றிவிடாதீர்கள். மாற்றினால் க்ளாம்டி செத்த நேரத்தில் வரும் எல்லாமே ஸ்கேன் ஆகாமல் பெட்டிக்குள் போகும்.

ஜூலை 14 – கேட்டவர்

கன்கரண்ட் ரீலோட் அணைத்தேன். சாவு குறைந்தது, ஆனால் நேற்று மறுபடியும் ஒருமுறை. லாகில் ஃப்ரெஷ்க்ளாம் டெய்லியை இறக்கிய உடனே, க்ளாம்டி ரீலோட் தொடங்குவதற்கு முன்பே.

ஜூலை 14, மாலை

"ரீலோடுக்கு முன்பே" என்பது முக்கியமான தடயம். ஃப்ரெஷ்க்ளாமும் இதே லிப்க்ளாம்ஏவியைப் பயன்படுத்தும் நிரல்தான். "டெஸ்ட்டேட்டாபேசஸ்" இயல்பாக "யெஸ்". இறக்கிய கோப்பைப் பழையதன் இடத்தில் வைக்கும் முன், லைப்ரரி அதை ஒழுங்காக ஏற்றுகிறதா என்று தனி பிராசஸில் ஏற்றிப் பார்க்கும். க்ளாம்டி ஏற்கெனவே தன் 1.2 ஜிபியோடு உட்கார்ந்திருக்கிறது, பக்கத்தில் இது இன்னொரு பங்கு கேட்கிறது. கர்னல் பெரியதாகப் பார்த்துக் கொல்கிறது, பெரியது க்ளாம்டி.

அந்தச் சோதனையை அணைக்கலாம், ஆனால் நான் பரிந்துரைக்க மாட்டேன். கெட்டுப்போன ஒரு கோப்பு டேட்டாபேஸ் அடைவுக்குள் வந்துவிட்டால் க்ளாம்டி "மால்ஃபார்ம்டு டேட்டாபேஸ்" என்று சொல்லி எழவே மறுக்கும். அந்தக் காவலை 2 ஜிபிக்காகக் கழற்றுவது சரியில்லை. முதலில் டிஸ்கில் 2 ஜிபி ஸ்வாப் சேர்த்துவிடுங்கள், சோதனை நடக்கும் சிறிது நேரத்துக்கு அது தாங்கும். முடிந்தால் ராமை 4 ஆக்குங்கள். க்ளாம்ஏவி ஆவணமே குறைந்தது 3 ஜிபி என்றுதான் சொல்கிறது.

அப்படியே இன்னொன்று: கிரானில் (நேரம் குறித்து ஓடும் வேலைகளில்) எங்காவது க்ளாம்ஸ்கேன் ஓடுகிறதா? அது ஒவ்வொரு முறையும் முழு டேட்டாபேஸையும் புதிதாக ஏற்றும். அந்த இடத்தில் க்ளாம்டிஸ்கேனைப் போட்டு --எஃப்டிபாஸ் சேர்த்துவிடுங்கள். அனுமதி உள்ள பயனர் கோப்பைத் திறந்து, திறந்த கைப்பிடியை மட்டும் க்ளாம்டியிடம் கொடுப்பார். "பெர்மிஷன் டினைட்" தொல்லையும் இருக்காது.

ஜூலை 15

9லிருந்து 11க்கு வந்த சர்வர் என்பதால் இதைக் கட்டாயம் பாருங்கள். ரார் பிரிக்கும் நிரல் லிப்க்ளாம்ஏவிக்குள் இல்லை. அன்ராரின் உரிமம் ஜிபிஎல்லோடு ஒத்துப்போகாததால் அது லிப்க்ளாம்அன்ரார் என்று தனியாக இருக்கிறது, டெபியனில் நான்-ஃப்ரீ பகுதியில். ஓடும்போதுதான் லைப்ரரி அதைத் தேடி ஏற்றும், அதுவும் தன் எண்ணோடு பொருந்துவதை மட்டும். மேம்பாட்டில் லிப்க்ளாம்ஏவி 11 ஆகி, அன்ரார் 9லேயே நின்றுவிட்டால், "அன்ரார் ஆதரவு இல்லை" என்று தொடக்கத்தில் ஒரே ஓர் எச்சரிக்கை வரி. அதன் பிறகு ரார் இணைப்பு வந்தால் உள்ளே போகாமலே "ஓகே".

இதைச் சோதிக்கப் பலரும் ஐகார் என்ற தீங்கற்ற சோதனைக் கோப்பை ராருக்குள் போட்டுப் பார்ப்பார்கள். ஐகார் வெறும் 68 பைட். அவ்வளவு சிறியதைச் சுருக்காமல் அப்படியே வைத்துவிட வாய்ப்புண்டு. அப்போது எதைப் பார்த்து எச்சரித்தது என்று உறுதியாகச் சொல்ல முடியாது. பிரித்தால் மட்டுமே பொருந்தக்கூடிய சோதனை வேண்டும், அதை நாமே செய்யலாம்.

சில கிலோபைட் சாதாரண உரையை ஒரு கோப்பில் எழுதுங்கள். சிக்டூல் --ஷா256 கொடுத்து அந்தக் கோப்பின் பெயரையும் கொடுத்தால் ஹாஷ் (கோப்பின் கைரேகை போன்ற எண்), அளவு, பெயர் என்று முக்காற்புள்ளி போட்டு ஒரு வரி வரும். அதை எச்எஸ்பி என்ற நீட்சியுள்ள கோப்பில் சேமியுங்கள். இப்போது உரைக் கோப்பை வின்ரார் உள்ள ஒரு கணினியில் ரார் ஆக்கிக் கொண்டுவந்து, க்ளாம்ஸ்கேனுக்கு -டி கொடுத்து அந்த எச்எஸ்பி கோப்பை மட்டும் டேட்டாபேஸாகக் காட்டி, ராரை ஸ்கேன் செய்யுங்கள். ஒரே சிக்னேச்சர் என்பதால் நொடியில் முடியும். முழுக் கோப்பின் ஹாஷ் பொருந்த வேண்டுமென்றால் கோப்பு முழுதாகப் பிரிந்து வந்திருக்க வேண்டும். ஆகவே உங்கள் கோப்புப் பெயரோடு "அன்அஃபிஷியல் ஃபவுண்ட்" என்று வந்தால் ரார் பிரிகிறது. "ஓகே" வந்தால் பிரியவில்லை. ரார் 4, ரார் 5 இரண்டையும் தனித்தனியே பாருங்கள். ரார் 5 பிரிப்பது 0.101இல்தான் சேர்ந்தது. இதே எச்எஸ்பியை வைத்து 7ஸிப், கேப், ஐஎஸ்ஓ, ஸிப்புக்குள் ஸிப் என்று உங்களுக்கு வரும் எல்லா வடிவத்தையும் பார்த்துவிடலாம். ஒவ்வொரு பெரிய மேம்பாட்டுக்குப் பிறகும் இந்தக் கோப்புத் தொகுப்பை ஒரு ஸ்கிரிப்டில் ஓட்டுங்கள்.

ஜூலை 15, இரவு

"ஓகே" பற்றிப் பேசும்போதே வரம்புகளையும் சொல்லிவிட வேண்டும். 0.105 முதல் ஒரு கோப்புக்கு 100 எம்பி, பிரித்தெடுத்த மொத்தத்துக்கு 400 எம்பி, உள்ளடுக்கு 17, கோப்பு எண்ணிக்கை 10,000, நேரம் 2 நிமிடம். இவற்றைத் தாண்டியதும் அதுவரை எதுவும் சிக்கவில்லை என்றால் முடிவு "ஓகே"தான், "பார்க்கவில்லை" என்று அல்ல. "அலர்ட்எக்சீட்ஸ்மேக்ஸ்" என்பதை "யெஸ்" ஆக்கினால், ஹியூரிஸ்டிக்ஸ் லிமிட்ஸ் எக்சீடட் என்று தனியே எச்சரிக்கும். மெயில் சர்வரில் 25 எம்பிக்கு மேல் இணைப்பே ஏற்காதவர்கள் இதைத் தயங்காமல் போடலாம்.

வரம்பை இஷ்டத்துக்கு ஏற்றுவதும் தீர்வில்லை. 2025 ஜூன் மாதம் 1.4.3, 1.0.9 பதிப்புகளில் சரிசெய்த பிடிஎஃப் ஓட்டை, பொதுப் பாதிப்புப் பட்டியலில் சிவிஇ-2025-20260, கோப்பு வரம்பை 1024 எம்பிக்கும் மொத்த வரம்பை 1025 எம்பிக்கும் குறையாமல் ஏற்றி வைத்தவர்களை மட்டுமே பாதித்தது. இயல்பு அமைப்பில் இருந்தவர்கள் தப்பினார்கள்.

ஜூலை 16 – வேறொரு வாசகர்

விண்டோஸ் டிஃபெண்டரில் இந்தப் பிரச்சினை உண்டா? எம்பிஇன்ஜின்.டிஎல்எல் கெட்டுவிட்டது என்று பிழை வருகிறது. டிஎல்எல் தரும் தளத்தில் இறக்கிப் போடலாமா?

ஜூலை 16

வேண்டவே வேண்டாம். எம்பிஇன்ஜின் சிஸ்டம் உரிமையில் ஓடும் லைப்ரரி. அடையாளம் தெரியாத தளத்தின் கோப்பை அந்த இடத்தில் வைக்கவே கூடாது. அட்மின் கமாண்ட் ப்ராம்ப்டில் எம்பிகமாண்ட்ரன் -ரிமூவ்டெஃபினிஷன்ஸ் -ஆல், பிறகு எம்பிகமாண்ட்ரன் -சிக்னேச்சர்அப்டேட். இன்ஜின் மட்டும் சந்தேகம் என்றால் -ஆல் இருக்கும் இடத்தில் -இன்ஜின். இணையம் இல்லாத கணினிக்கு மைக்ரோசாஃப்ட் தளத்தில் கிடைக்கும் எம்பாம்-எஃப்இ கோப்பு போதும், அதில் இன்ஜினும் சிக்னேச்சரும் சேர்ந்தே இருக்கும். பவர்ஷெல்லில் கெட்-எம்பிகம்ப்யூட்டர்ஸ்டேட்டஸ் கொடுத்தால் ஏஎம்இன்ஜின்வெர்ஷன் தனியாகத் தெரியும்.

விண்டோஸில் இன்ஜின் லைப்ரரியும் சிக்னேச்சர் வழியிலேயே புதுப்பிக்கப்படுவதால், "இது புதுசு அது பழசு" என்ற நிலை அவ்வளவு எளிதில் வராது. லினக்ஸில் லைப்ரரியைப் பேக்கேஜ் மேலாளரும் சிக்னேச்சரை ஃப்ரெஷ்க்ளாமும் கொண்டுவருகின்றன. இடைவெளி விழுவது அங்கேதான்.

ஜூலை 17

முதல் நாள் எழுதியதில், பழைய லைப்ரரி சிலதைப் பிடிக்காமல் விடும் என்பதற்கே அழுத்தம் கொடுத்திருந்தேன். திரும்பப் படித்தால் அதைவிடப் பெரிய காரணம் விடுபட்டிருக்கிறது. யாரோ அனுப்பும் கோப்பை, நீங்கள் திறப்பதற்கு முன்பே, தானாகத் திறந்து பார்க்கும் நிரல் இந்த லைப்ரரி. அதில் ஓட்டை இருந்தால் மெயில் வந்து சேர்ந்தாலே போதும், யாரும் எதையும் சொடுக்க வேண்டியதில்லை.

2023 பிப்ரவரியில் சரிசெய்த சிவிஇ-2023-20032 அப்படிப்பட்டது. மேக் கணினிகளின் எச்எஃப்எஸ்+ பார்ட்டிஷனைப் படிக்கும் பகுதியில் நினைவகத்தின் ஹீப் பகுதி நிரம்பி வழிந்தது. திருத்தம் 1.0.1, 0.105.2, 0.103.8 பதிப்புகளில் வந்தது. "என் சர்வரில் மேக்கே இல்லை" என்ற வாதம் எடுபடாது, ஏனென்றால் லைப்ரரி எல்லா வடிவத்தையும் படிக்கும், வடிவத்தைத் தேர்ந்தெடுப்பவர் அனுப்புபவர்.

பெரிய நிறுவனங்களும் இதற்கு விலக்கல்ல. 2016இல் கூகுள் ப்ராஜெக்ட் ஜீரோவின் டேவிஸ் ஆர்மண்டி சைமான்டெக் இன்ஜினை ஆராய்ந்தபோது, உள்ளே இருந்த, கோப்புகளைப் பிரிக்கும் நிரல்களான லிப்எம்எஸ்பேக்கும் அன்ராரும் குறைந்தது 7 ஆண்டுகளாகப் புதுப்பிக்கப்படாதவை என்று தெரிந்தது. 2018இல் டிஃபெண்டரில் தாமஸ் டுல்லியன் கண்டது இன்னும் நுட்பமானது. அன்ரார் மூல நிரலை எடுத்து, குறியுள்ள முழு எண்களையெல்லாம் குறியில்லாதவையாக மாற்றியிருந்தார்கள். எண் எதிர்மறையாகிவிட்டதா என்று பார்த்துத் தடுத்த சோதனைகள் அதனால் பொருளற்றுப் போயின, ரார் கோப்பு ஒன்றால் நினைவகத்தைக் கெடுக்க முடிந்தது. சிவிஇ-2018-0986, திருத்தம் இன்ஜின் 1.1.14700.5இல். 2022இல் ஜிம்ப்ரா மெயில் சர்வர்களில் அமாவிஸ் என்ற மெயில் ஃபில்டர் இணைப்புகளைப் பிரிக்க அழைத்த அன்ரார் வழியாகவும், சில மாதம் கழித்து சிபிஐஓ என்ற பிரிக்கும் நிரல் வழியாகவும், அடைவைத் தாண்டிக் கோப்பு எழுத முடிந்தது. இரண்டாவதற்கு உடனடித் தீர்வாகச் சொன்னது பேக்ஸ் பேக்கேஜை நிறுவுங்கள் என்பது, அது இருந்தால் அமாவிஸ் சிபிஐஓவை அழைக்காது.

இந்த நான்கிலும் சிக்னேச்சர் எவ்வளவு புதுசு என்பதற்கு வேலையே இல்லை.

ஜூலை 18 – கேட்டவர்

1.0.9 ஏற்றியாயிற்று, மேப்ஸில் டெலிடெட் வரி இல்லை. ரார் சோதனையில் "ஓகே" வந்தது, நீங்கள் சொன்னபடியே அன்ரார் 9 மட்டும் இருந்தது. 11 போட்டதும் ஃபவுண்ட். ஃபில்டரை சாக்கெட்டுக்கு மாற்றிக்கொண்டிருக்கிறேன். க்ளாம்டியை எப்படி அடைத்து வைப்பது?

ஜூலை 18, மாலை

சேவைகளை இயக்கும் சிஸ்டம்டியின் யூனிட் கோப்பை நேரடியாகத் திருத்தாதீர்கள், மேம்பாட்டில் போய்விடும். சிஸ்டம்சிடிஎல் எடிட் கொடுத்து மேலடுக்குக் கோப்பில் எழுதுங்கள். "நோநியூப்ரிவிலேஜஸ்", "ப்ரைவேட்டெம்ப்", "ப்ரொடெக்ட்சிஸ்டம்" என்பதற்கு "ஸ்ட்ரிக்ட்", "ப்ரொடெக்ட்ஹோம்", எழுத வேண்டிய லாக் அடைவும் சாக்கெட் அடைவும் மட்டும் "ரீட்ரைட்பாத்ஸ்"இல். அதே சர்வரின் ஹோம் அடைவுகளையும் பாதை கொடுத்து ஸ்கேன் செய்வதாக இருந்தால் ப்ரொடெக்ட்ஹோம் தடுக்கும், எஃப்டிபாஸ் வழியில் தடுக்காது. அதனாலும் எஃப்டிபாஸ்.

"ப்ரைவேட்நெட்வொர்க்" போடுங்கள். க்ளாம்டிக்கு இணையம் தேவையே இல்லை, கோப்புப் பாதையில் இருக்கும் யூனிக்ஸ் சாக்கெட் அதனால் பாதிக்கப்படாது. உள்ளே யாராவது நுழைந்தாலும் வெளியே பேச வழியிருக்காது. ஃப்ரெஷ்க்ளாமின் யூனிட்டில் மட்டும் இதைப் போட்டுவிடாதீர்கள், இறக்கமே நின்றுவிடும்.

"மெமரிமேக்ஸ்" 1.5 ஜிபி என்று வைக்கத் தோன்றும். கன்கரண்ட் ரீலோட் அணைந்திருக்கும் வரை சரி. நாளை ராம் கூட்டி அதைத் திரும்ப இயக்கினால் இந்த எண்ணையும் 3 ஜிபிக்குக் குறையாமல் ஏற்றுங்கள், இல்லாவிட்டால் ராம் காலியாக இருக்கும்போதே க்ளாம்டி சாகும். மாற்றிய பிறகு டீமன்-ரீலோட், மறுதொடக்கம், உடனே அந்த எச்எஸ்பி தொகுப்பை க்ளாம்டி வழியாக ஒருமுறை ஓட்டுங்கள். அதற்கு எச்எஸ்பி கோப்பை டேட்டாபேஸ் அடைவிலேயே வைக்க வேண்டும், க்ளாம்டிஸ்கேனில் -டி கிடையாது.